வாய்தாவுக்கு வராவிட்டால் விடுதலையா?

கூலி பாக்கிக்குக் கொடுத்த செக் பணமில்லாமல் திரும்புகிறது. காலாப்பட்டுத் தொழிலாளி புதுச்சேரி கோர்ட்டில் பிராது கொடுக்கிறார். வாய்தாவுக்கு மேல் வாய்தா. ஒவ்வொன்றும் ஒரு நாள் கூலி நஷ்டம். கம்பெனி பிராது கொடுத்தாலோ, சம்பளத்துக்கு ஆள் வந்து நிற்பார்! ஒரு நாள் தொழிலாளி வரவில்லை, எதிரி விடுதலை!

சட்டம் இப்படித்தான் சொல்கிறதா? இல்லை. பிராது போட்டுவிட்டு, வராமல் இழுத்தடித்து எதிரியை அலைக்கழிப்பதைத் தடுக்கவே இந்த விதி. வக்கீல் ஆஜரானால் வழக்கைத் தொடரலாம் என்று பழைய கிரிமினல் நடைமுறைச் சட்டத்தின் 256-வது பிரிவே இடம் கொடுத்தது. பிராதுதாரர் நேரில் வருவது அவசியமில்லாத நாளில் எதிரியை விடுவிப்பது முறையாகாது என்று 1997-ல் சுப்ரீம் கோர்ட்டும் கூறியது. 2024 ஜூலை 1-ல் அமலுக்கு வந்த புதிய சட்டத்தின் 279-வது பிரிவோ, விடுவிக்கும் முன் பிராதுதாரருக்கு 30 நாள் அவகாசம் தரச் சொல்கிறது.

அவகாசம் கொடுத்த செய்தியே எட்டாவிட்டால் அந்த அவகாசத்தால் என்ன பயன்? அதைத் தமிழில் எழுதி அவர் கையில் சேர்ப்பிக்க வேண்டும். தொழிற்சங்கங்கள் வாய்தா தோறும் வக்கீலை ஆஜராக்க வேண்டும். வேலைக்குப் போன குற்றத்துக்காக உழைப்பாளி தன் கூலியை இழப்பதா?