63 வயதில் வந்த புகழ்

சீரியல் மாமியாருக்கு நடிப்பு அவ்வளவு அவசியமில்லை. பட்டுப் புடவை, கழுத்து நிறைய நகை, ஒரு முறைப்பு. காமிரா மூன்று தடவை முகத்தருகே போய் வரும். மீதியைப் பின்னணி இசை பார்த்துக்கொள்ளும். 2008 ஜூலையில் கலர்ஸ் சேனலில் 'பாலிகா வது' தொடங்கியபோது, குழந்தை மணமகள் ஆனந்தியை ஆட்டிப் படைக்கும் ராஜஸ்தான் கிராமத்துப் பாட்டி கல்யாணி தேவியும் அந்த ரகம்தான் என்று நினைத்தவர்கள் உண்டு. சில எபிசோடுகளிலேயே அந்த நினைப்பு பொய்த்தது. அந்தப் பாட்டி அதட்டினால் பயமாக இருந்தது. அதட்டாமல் சும்மா பார்த்தால் இன்னும் பயமாக இருந்தது.

நடித்தவர் சுரேகா சிக்ரி. அப்போது அவருக்கு வயது 63. அதற்குள் இரண்டு தேசிய விருதுகளும் சங்கீத நாடக அகாதமி விருதும் (1989) வாங்கியிருந்தார் என்பது 'தாதிசா'வைப் பார்த்துப் பல்லைக் கடித்த ரசிகர்களில் பலருக்குத் தெரியாது.

அல்மோராவிலும் நைனிடாலிலும் வளர்ந்தவர். அலிகாரில் படிப்பு. பிறகு அல்காஜி தலைமையில் இருந்த தில்லி தேசிய நாடகப் பள்ளி. தங்கைக்காக வீட்டுக்கு வந்த விண்ணப்பத்தைத்தான் இவர் பூர்த்தி செய்தார் என்று ஒரு கதை உண்டு. பள்ளியின் ரெபர்ட்டரி குழுவில் பத்தாண்டுகளுக்கும் மேல் மேடையேறிய பிறகே மும்பை.

1988-ல் தூர்தர்ஷனில் கோவிந்த் நிஹலானியின் 'தமஸ்' வந்தது. பிரிவினைக் கலவரத்தில் தப்பியோடும் ஒரு வயதான சீக்கியத் தம்பதி ஒரு முஸ்லிம் வீட்டுக் கதவைத் தட்டுகிறார்கள். அந்த வீட்டு ஆண்கள் வெளியே கலவரக் கும்பலோடு. கதவைத் திறக்கும் ராஜோவாக சிக்ரி. அடைக்கலம் கொடுக்கிறாள், ஆனால் தியாகியின் ஒளிவட்டம் ஏதுமில்லை. பயமும் தயக்கமும் முகத்தில் அப்படியே இருக்கின்றன. வந்தது சிறிது நேரமே, கிடைத்தது தேசிய விருது. ஷ்யாம் பெனகலின் 'மம்மோ'வில் (1994) சலித்துக்கொண்டே பாசம் காட்டும் ஃபயாஸிக்காக இரண்டாவது.

இந்தச் சரக்கு அத்தனையும்தான் தாதிசாவுக்குள் போனது. தானும் சிறுமியாக மணமேடை ஏறியவள் அவள். பேரனுக்கும் அதையே செய்கிறாள். அது தவறு என்று அவளுக்குத் தோன்றவே இல்லை, சிக்ரியும் அதைத் தோன்றவிடவில்லை. வில்லியாக நடிக்காமல், தான் செய்வது சரி என்று நம்பும் ஒரு கிழவியாக நடித்தார். 2009-ல் தொடரைத் தடை செய்யச் சொல்லி மக்களவையில் சரத் யாதவ் குரல் எழுப்பினார். தமிழில் அது 'மண் வாசனை'யாக ராஜ் டி.வி.க்கு வந்தது.

ஆண்டுகள் போகப் போக தாதிசா இளகினாள். விதவைப் பேத்திக்கு மறுமணம். பேரன் ஆனந்தியைக் கைவிட்டபோது, அவனை ஒதுக்கிவிட்டு ஆனந்தி பக்கம் நின்றாள். சீரியல்களில் இப்படிக் குணம் மாறுவது பெரும்பாலும் ரேட்டிங் மாற்றம்தான். இங்கே மட்டும் நம்ப முடிந்தது. உடைந்தபோதும் அந்தக் கிழவி குனியவில்லை. தொடர் 2016 வரை ஓடியது.

2018-ல் 'பதாயி ஹோ'. நடுத்தர வயது மருமகள் கர்ப்பமானதை இடித்துக்காட்டும் மாமியார், உறவினர்கள் அதே மருமகளைக் கேலி செய்ததும் சீறி எழுவார். தியேட்டர் கைதட்டியது. அதே ஆண்டு பக்கவாதம். மூன்றாவது தேசிய விருதை 2019 டிசம்பரில் சக்கர நாற்காலியில் வந்து வாங்கினார். அரங்கம் எழுந்து நின்றது.

2020-ல் ஊரடங்கு தளர்ந்து படப்பிடிப்பு தொடங்கியபோது, 65 வயதைத் தாண்டியவர்கள் செட்டுக்கு வரக்கூடாது என்றது மகாராஷ்டிர அரசு. மருந்துச் செலவு இருக்கிறது, உடல் ஓரளவு தேறியிருக்கிறது, வேலை வேண்டும் என்று வெளிப்படையாகவே பேசினார் சிக்ரி. மூன்று தேசிய விருதுகள் வாங்கியவர், 75 வயதில், கேட்டது உதவியை அல்ல, வேஷத்தை. ஆகஸ்டில் பம்பாய் உயர் நீதிமன்றம் அந்தத் தடையை நீக்கியது. செப்டம்பரில் அவருக்கு இரண்டாவது முறை பக்கவாதம். மீண்டும் செட்டுக்குப் போக முடியவில்லை. 2021 ஜூலை 16 அன்று மும்பையில் காலமானார்.