கால் வீக்கத்துக்கு நின்று வேலை செய்வது மட்டுமா காரணம்?

ஒரகடம், ஸ்ரீபெரும்புதூர், இருங்காட்டுக்கோட்டைப் பகுதிகளிலிருந்து வரும் நோயாளரிடம் கால் வீக்கம் எப்போது தொடங்கியது என்று கேட்டால், கேட்காத காரணமும் சேர்ந்தே விடையாக வருகிறது: "எட்டு மணி நேரம் நின்றே வேலை, அதனால்தான் டாக்டர்." மூச்சிரைப்புக்கும் இதுபோல ஒரு விளக்கம் தயாராக இருக்கும்: லாரிப் புழுதி. இவை முற்றிலும் தவறானவை அல்ல. நெடுநேரம் நின்றால் கால் வீங்கத்தான் செய்யும். ஆனால் இதயக் குறைபாட்டால் வரும் வீக்கமும் தொடக்கத்தில் மாலையில் தோன்றிக் காலையில் வடிந்துவிடும். ஆகவே, வடிந்துவிட்டது என்பதைக் கொண்டு மட்டும் இதயம் நலமாக உள்ளது என்று முடிவு செய்ய இயலாது.

'இதயச் செயலிழப்பு' என்னும் சொல் எனக்கு உவப்பானதன்று. அதைக் கேட்ட மாத்திரத்தில் உறவினர்கள் இதயம் நின்றுவிட்டதாகவே அஞ்சுகின்றனர். உடலின் தேவைக்கு ஏற்ப இரத்தத்தை இறைக்க இயலாமல் இதயம் தளர்ந்துள்ளது என்பதே அதன் பொருள். அடுத்து எழ வேண்டிய வினா, தளர்ந்திருப்பது எந்தப் பக்கம் என்பது.

இதயம் என்பது அடுத்தடுத்து இணைந்த இரண்டு பம்புகள். வலப்பக்கம் உடலிலிருந்து வரும் இரத்தத்தை நுரையீரலுக்கு அனுப்புகிறது. இடப்பக்கம் நுரையீரலிலிருந்து வருவதை உடல் முழுவதற்கும் அனுப்புகிறது. ஓய்வில் இருக்கையில் இரண்டும் நிமிடத்துக்குச் சுமார் 5 லிட்டர் இறைக்கின்றன. அளவு ஒன்றே ஆயினும் உழைப்பு வேறு. இடப்பக்கம் ஏறத்தாழ 120 என்ற அழுத்தத்தை எட்ட வேண்டும். வலப்பக்கத்துக்கு 25 போதும். அதனால்தான் இடப்பக்கச் சுவர் தடித்தும் வலப்பக்கச் சுவர் மெலிந்தும் அமைந்துள்ளன.

தொழிற்சாலையில் பணிபுரிவோருக்கு இதைப் புரிந்துகொள்வது எளிது. உற்பத்தி வரிசையில் ஓரிடத்தில் வேலை மந்தமானால், பொருள்கள் தேங்குவது அதற்கு முந்தைய இடத்தில். இடப்பக்கம் தளர்ந்தால் இரத்தம் நுரையீரலில் தேங்கும். மாடிப்படி ஏறினால் இரைப்பு, மல்லாந்து படுக்க இயலாமை, தலையணைகளின் எண்ணிக்கை கூடுதல், நள்ளிரவில் மூச்சு முட்டி எழுந்து உட்காருதல் ஆகியவை அதன் அடையாளங்கள். வலப்பக்கம் தளர்ந்தால் உடலில் தேங்கும். கால் வீங்கும், கழுத்து நரம்பு புடைக்கும், வயிறு உப்பும், கல்லீரல் கனத்துப் பசி மறையும். சிலருக்குக் கண் மஞ்சளாவதும் உண்டு. காமாலை என்று கருதிக் கீழாநெல்லிச் சாறு குடித்துவிட்டுத் தாமதமாக வருவோரைப் பார்க்கிறோம்.

வலப்பக்கத் தளர்ச்சிக்கு மிகப் பொதுவான காரணம் இடப்பக்கத் தளர்ச்சியே. நுரையீரலில் தேங்கும் இரத்தத்தின் அழுத்தத்தை எதிர்த்து இறைத்து இறைத்து, மெலிந்த சுவர் கொண்ட வலப்பக்கமும் ஓய்ந்துவிடுகிறது. எனவே கால் வீக்கம் பலருக்கு நோயின் தொடக்கமன்று. இரைப்பைப் புழுதியின் மீது ஏற்றிச் சொன்ன மாதங்களிலேயே நோய் தொடங்கியிருக்கும். 2013-இல் திருவனந்தபுரத்து மருத்துவமனைகளில் இதயச் செயலிழப்புடன் சேர்க்கப்பட்ட 1,205 பேரின் பதிவேட்டில் சராசரி வயது 61. பத்தில் ஏழு பேருக்கு மாரடைப்பு முதலான இரத்தக்குழாய் அடைப்பு நோயே அடிப்படை. மேலை நாட்டுப் பதிவேடுகளில் அந்தச் சராசரி எழுபதைத் தாண்டுகிறது. நம்மவர் அதற்கு ஏறத்தாழப் பத்தாண்டு முன்னதாகவே இந்நோய்க்கு ஆளாகின்றனர்.

இடப்பக்கத் தசை நன்றாக இருந்தும் வலப்பக்கம் தளர்வது உண்டு. நெடுநாள் புகைபிடித்தல், பெண்களுக்கு விறகடுப்புப் புகை, உத்திரமேரூர் வட்டாரக் கல் குவாரிகளிலும் கிரஷர்களிலும் சுவாசிக்கும் கல்தூள் ஆகியவை நுரையீரலைக் கெடுத்து வலப்பக்கத்தின் மீது சுமையேற்றுகின்றன. இளம்பருவ மூட்டுக்காய்ச்சலால் வால்வு சுருங்கியவர்களும் உள்ளனர். காசநோயால் இதய உறை தடித்து இறுகியவர்கள் கல்லீரல் நோயாளிகளாகவே பல இடங்களுக்கு அலைந்திருப்பார்கள். உரிய காலத்தில் கண்டறிந்தால் சுருங்கிய வால்வைப் பலூன் கொண்டு விரிக்கலாம்; காசநோய்க்கு மருந்து உண்டு, இறுகிய உறையை அறுவையால் நீக்கலாம். முன்பு என்ன வேலை செய்தீர்கள் என்பதை மருத்துவர் கேட்காவிட்டாலும் நீங்களே சொல்லுங்கள். கல்தூள் நோய் 1948-ஆம் ஆண்டு இ.எஸ்.ஐ. சட்டத்தின் தொழில்சார் நோய்ப் பட்டியலில் இடம்பெற்றது என்பதையும் நினைவில் வையுங்கள்.

இக்காரணத்தாலேயே பழைய சீட்டைக் காட்டி மருந்துக்கடையில் 'நீர் மாத்திரை' வாங்கி விழுங்கும் பழக்கத்தை நான் கடுமையாக எதிர்க்கிறேன். காரணம் எதுவாயினும் அம்மாத்திரை நீரை இறக்கிவிடும். வீக்கம் வடியும், வீட்டார் மகிழ்வர், நோய் உள்ளே தொடரும். அளவு மிகுந்தால் இரத்த அழுத்தம் தாழ்ந்து சிறுநீரகமும் பாதிக்கப்படும். இடப்பக்கத் தசைத் தளர்ச்சியில் ஆயுளை நீட்டிக்கும் நான்கு வகை மருந்துகள் இன்று உள்ளன. நுரையீரல் நோயால் வலப்பக்கம் தளர்ந்தவருக்கு அவை அதே பயனைத் தருவதில்லை. பக்கத்து வீட்டுக்காரரின் சீட்டு உங்களுக்குப் பொருந்தாது என்பது இதனால்தான். "ஹார்ட் வீக்" என்று மட்டும் கேட்டுக்கொண்டு திரும்பாதீர்கள். எக்கோ முடிந்தபின் எந்தப் பக்கம், எதனால் என்று கேட்பது உங்கள் உரிமை. கேட்டால் மருத்துவர் கோபித்துக்கொள்வார் என்று தயங்க வேண்டாம், கோபித்துக்கொண்டாலும் கேளுங்கள்.

கால்வலிக்கென்று கடையில் வாங்கும் டைக்ளோஃபெனாக் போன்ற வலி மாத்திரைகள் உப்பையும் நீரையும் உடலில் தேக்கும். இந்துப்பும் உப்புதான். நாள்தோறும் காலையில் சிறுநீர் கழித்தபின், உண்பதற்கு முன், எடை பார்த்துக் குறித்து வையுங்கள். மூன்று நாளில் இரண்டு கிலோ கூடினால் அது சதையன்று, நீர். அன்றே தொலைபேசியில் அழையுங்கள். படுக்க இயலாமல் மூச்சுத் திணறினால் விடியும்வரை காத்திராமல் 108-ஐ அழையுங்கள்.

நிறுவனப் பேருந்தில் ஒன்றரை மணி நேரம் போக வேண்டியிருப்பதால், வழியில் கழிப்பிடம் இல்லை என்று பல பெண்கள் காலை நீர் மாத்திரையை விட்டுவிடுகின்றனர். இதை வெளியில் சொல்லக் கூச்சம். மாத்திரையை நிறுத்த வேண்டியதில்லை. வேலைக்குச் சேர்ந்த பின்னரோ வீடு திரும்பிய பின்னரோ விழுங்குமாறு நேரத்தை மாற்றித் தர இயலும். வரும்போது உங்கள் ஷிஃப்ட் அட்டவணையையும் எடுத்து வாருங்கள்.