வளர்ச்சிக் கணக்கை எழுதுவது யார்?



பொருளாதாரம் என்றாலே அது பெரிய படிப்புப் படித்தவர்களின் சமாச்சாரம், நமக்கும் அதற்கும் சம்பந்தமில்லை என்று நம்மில் பலர் ஒதுங்கிக்கொள்கிறோம். அரிசி விலை ஏறினால் கடைக்காரரைத் திட்டுகிறோம். வாடகை ஏறினால் வீட்டுக்காரரைத் திட்டுகிறோம். வடக்கிலிருந்து வந்த ஒருவன் குறைந்த கூலிக்கு வேலைக்குப் போனால் அவனைத் திட்டுகிறோம். ஆனால் தர்மபுரியையும் கிருஷ்ணகிரியையும் திருவண்ணாமலையையும் விட்டு நம் குடும்பங்கள் ஏன் கிளம்பின? அங்கே இல்லாத வேலை பெங்களூரில் மட்டும் எப்படி வந்தது? வேலை கிடைத்த இடத்தில் குடியிருக்க இடம் ஏன் கிடைக்கவில்லை? இந்தக் கேள்விகளுக்குப் பெரும்பகுதி விடை யாரோ எழுதிவைத்த கணக்குகளில் இருக்கிறது. அந்தக் கணக்கைப் படிக்கக் கற்காதவரை, மனிதர்கள் எடுத்த முடிவைத் தலைவிதி என்றே நாம் நம்பிக்கொண்டிருப்போம்.

ரயில்வே குமாஸ்தா என்ற முறையில் எனக்குப் பழக்கமான சரக்குக் கட்டணத்திலிருந்தே ஆரம்பிக்கிறேன்.

நிலக்கரியும் இரும்புத் தாதும் நம் நாட்டில் பெருமளவில் இருப்பது அன்றைய பீகார், ஒரிஸா, மத்தியப் பிரதேசம், மேற்கு வங்கம் ஆகிய கிழக்குப் பகுதிகளில்தான். தாது கிடைக்கும் இடத்திற்குப் பக்கத்தில் இரும்பு மலிவாகவும், தூரம் போகப்போக விலை கூடுதலாகவும் இருப்பதுதான் இயல்பு. அதனால் பட்டறைகளும் தொழிற்சாலைகளும் அங்கேயே வளர்ந்திருக்க வேண்டும். ஐம்பதுகளில் டில்லியில் வேறொரு கருத்து உருவாயிற்று. தொழில் நாடெங்கும் பரவ வேண்டும்; அதற்கு எந்த ரயில் நிலையத்தில் வாங்கினாலும் இரும்புக்கு ஒரே விலை இருக்க வேண்டும் என்பது அந்தக் கருத்து. எல்லா ஊர்களுக்கும் ஆகும் ரயில் கட்டணத்தைச் சராசரி போட்டு விலையோடு சேர்த்துவிட்டார்கள். இதற்குச் 'சரக்குக் கட்டணச் சமன்பாட்டுக் கொள்கை' என்று பெயர். ஜாம்ஷெட்பூர் ஆலை வாசலில் இரும்பு வாங்குகிறவனும், சென்னைக்கோ பம்பாய்க்கோ போகிற இரும்பின் ரயில் செலவில் ஒரு பங்கைச் சுமந்தான்.

நோக்கத்தில் குறை சொல்ல முடியாது. ஆனால் விளைவு என்ன? இரும்பு பக்கத்தில் இருக்கிறது என்ற அனுகூலத்தைக் கிழக்குப் பகுதிகள் இழந்தன. மேற்கிலிருந்து அவர்களுக்கு வரவேண்டிய பஞ்சுக்கோ இந்தச் சலுகை கிடையாது. அதற்கு முழுக் கட்டணம் கொடுத்தார்கள். துறைமுகமும் சந்தையும் உள்ள மேற்கும் தெற்கும் வளர்ந்தன. அதில் நம் தமிழ்நாட்டுக்கும் பங்கு உண்டு. 1992-ல் இரும்புக்கு இந்த ஏற்பாடு நீக்கப்பட்டபோது ஏறக்குறைய நாற்பது ஆண்டுகள் ஓடிவிட்டிருந்தன. தொழில் ஓரிடத்தில் வேரூன்றிய பிறகு, கட்டணத்தை மாற்றியதால் மட்டும் அது பெயர்ந்து வருமா?

பீகாரின் வறுமைக்கு இது ஒன்றே காரணம் என்று நான் சொல்லவில்லை. நிலவுடைமையும் சாதிக் கொடுமையும் ஆட்சிக் கோளாறுகளும் உண்டு. தமிழ்நாட்டின் வளர்ச்சிக்குப் பள்ளிக்கூடமும் மின்சாரமும் உழைப்பாளர்களும் காரணம் என்பதையும் மறுக்கவில்லை. ஆனால் ஒரு பிரதேசத்தின் காலடியில் கிடந்த செல்வத்தின் பலனை ஒரு கட்டண அட்டவணை இன்னொரு பிரதேசத்துக்கு நகர்த்தியது என்பது உண்மை. இன்று ஈஜிபுராவில் கட்டட வேலைக்கு வந்து தகரக் கொட்டகையில் படுத்திருக்கும் ஜார்க்கண்ட் பையனையும் ஒரிஸா பையனையும் பார்க்கும்போது இதை நினைத்துக்கொள்ள வேண்டும். நம் இளைஞர்கள் சிலர் அவர்களை இளக்காரமாகப் பேசுவதைக் கேட்கிறேன். 1991 டிசம்பரிலும் 2016 செப்டம்பரிலும் காவிரியின் பெயரால் இந்த நகரத்தில் நம்மைப் பற்றி என்ன பேசினார்கள் என்பது அதற்குள் மறந்துவிட்டதா?

சரக்கு ஒரு பக்கம் போனால், ஆட்கள் அதன் பின்னால் போகிறார்கள். இதற்கும் ஒரு தத்துவம் உண்டு. மேற்கிந்தியத் தீவுகளில் பிறந்த ஆர்தர் லூயிஸ் என்ற கறுப்பின அறிஞர் 1954-ல் ஒரு கட்டுரை எழுதினார். பின்னாளில், 1979-ல், அவருக்கு நோபல் பரிசு கிடைத்தது. ஏழை நாடுகளின் கிராமங்களில் தேவைக்கு மேல் ஆட்கள் இருக்கிறார்கள். நகரத்துத் தொழில் அவர்களைக் குறைந்த கூலிக்கு எடுத்துக்கொண்டு, வரும் லாபத்தை மீண்டும் முதலீடு செய்தால் நாடு வளரும் என்பது அவர் சொன்னதன் சாரம். உபரி ஆட்கள் தீர்ந்த பிறகு கூலி உயரும் என்பதும் அவர் கணக்கின் ஒரு பகுதி. நம் நாட்டில் கொள்கை வகுப்பவர்களும் முதலாளிகளும் முன்பகுதியைக் கெட்டியாகப் பிடித்துக்கொண்டார்கள், பின்பகுதியை மறந்துவிட்டார்கள். தொழிலாளியைக் குறைந்த விலைக்கு, எப்போதும் கையிருப்பில் இருக்கிற சரக்காகவே எண்ணிப் பழகிவிட்டார்கள்.

இது வீண்பழி அல்ல. 2020 மே மாதத்தை நினைத்துப் பாருங்கள். ஊரடங்கில் வேலையும் கூலியும் இல்லாமல், ஊருக்குப் போனால் போதும் என்று வடமாநிலத் தொழிலாளர்கள் பெங்களூரில் தவித்துக்கொண்டிருந்தார்கள். அவர்களுக்காகச் சிறப்பு ரயில்கள் ஓடத் தொடங்கியிருந்தன. மே 5-ஆம் தேதி கட்டுமான நிறுவனத்தார் முதலமைச்சரைச் சந்தித்தார்கள். அன்றே, இனி அந்த ரயில்கள் வேண்டாம் என்று கர்நாடக அரசு தென்மேற்கு ரயில்வேக்கு எழுதியது. ஆட்கள் போய்விட்டால் கட்டட வேலை நின்றுவிடும் என்ற கவலை! நாடு முழுவதும் கண்டனம் எழுந்த பிறகுதான், இரண்டொரு நாளில், அந்த முடிவு மாற்றப்பட்டது. சொந்தப் பணத்தில் சொந்த ஊருக்குப் போகும் உரிமையைக்கூடக் கட்டட வேலையின் தேவையைப் பார்த்து நிர்ணயித்தார்கள். தொழிலாளியைச் சரக்காக எண்ணும் கருத்து ஆட்சியாளரின் பேனா முனையில் எப்படி இறங்குகிறது என்பதற்கு இதைவிடச் சான்று வேண்டுமா?

இனி நாம் வாழும் ஈஜிபுராவுக்கு வருவோம்.

ஒரு காலத்தில் இந்த நகரத்தில் எச்.ஏ.எல்., ஐ.டி.ஐ., பி.இ.எல்., எச்.எம்.டி. போன்ற அரசுத் தொழிற்சாலைகள் தொழிலாளிக்குக் குடியிருப்பும் கட்டித் தந்தன. தொழிலாளி தங்குவதற்கான செலவு உற்பத்திச் செலவில் சேர்ந்தது என்ற கருத்து அன்று இருந்தது. ஒப்பந்தக் கூலிக்கும் வீட்டு வேலைக்காரிக்கும் அன்றும் அதில் இடமில்லை என்பது வேறு. தமிழ்நாட்டில் 1970-ல் குடிசை மாற்று வாரியம் ஏற்பட்டது. குடிசை இருந்த இடத்திலேயே அடுக்குமாடி கட்டித் தரவேண்டும் என்பது அதன் ஆரம்பக் கருத்து. 1977-ல் உலக வங்கிக் கடன் வந்தது. அத்துடன், கட்டடம் வேண்டாம், மனையும் தண்ணீரும் கழிவுநீர் வசதியும் கொடுத்தால் போதும், வீட்டை ஏழையே கட்டிக்கொள்வான், போட்ட பணத்தையும் அவனிடமே வசூலிக்கலாம் என்ற கருத்தும் வந்தது. 2000-க்குப் பிறகு நகரத்து நிலம் தங்கமாகிவிட்டது. ஏழைகளைக் கண்ணகி நகர், செம்மஞ்சேரி, பெரும்பாக்கம் என்று நகரத்தின் விளிம்புக்கு அனுப்பினார்கள். ஏழைகள் மாறவில்லை, அவர்கள் தேவையும் மாறவில்லை. மேலே இருப்பவர்களின் கருத்து மூன்று முறை மாறியது. ஒவ்வொரு முறையும் இவர்களுடைய வாழ்க்கை புரட்டிப்போடப்பட்டது.

இங்கும் அதுதான் நடந்தது. கோரமங்களாவை ஒட்டி, சுமார் 15 ஏக்கரில், பொருளாதாரத்தில் நலிந்தவர்களுக்கென்று பெங்களூர் மாநகராட்சி 42 அடுக்குகளில் 1,512 வீடுகள் கட்டியது. நாம் 'ஈ.டபிள்யூ.எஸ். குவார்ட்டர்ஸ்' என்று சொல்லும் இடம். ஏழைக்குத்தானே என்று கட்டிய கட்டடம் எத்தனை நாள் நிற்கும்? 2003-லும் 2007-லும் இடிந்து விழுந்தது. மற்றக் கட்டடங்களையும் காலி செய்து, மக்களைத் தகரக் கொட்டகைகளில் குடிவைத்தார்கள். தற்காலிகம் என்று சொன்ன கொட்டகையில் பிள்ளைகள் வளர்ந்து ஆளானார்கள்.

அதற்குள் நாட்டில் 'அரசு, தனியார் கூட்டு' என்ற கருத்து ஓங்கிவிட்டது. மாநகராட்சியிடம் பணம் இல்லை, ஆனால் நிலம் இருக்கிறது; ஏறக்குறையப் பாதி நிலத்தைத் தனியார் நிறுவனம் வணிக வளாகத்துக்கு எடுத்துக்கொள்ளும்; மீதியில் ஏழைகளுக்கு வீடு கட்டித் தரும்; அரசுக்குச் செலவே இல்லை. இப்படித்தான் ஒப்பந்தம் போட்டார்கள். அரசுக்குச் செலவில்லையாம்! பொதுநிலம் பொதுப்பணம் இல்லையா? கோரமங்களாவுக்குப் பக்கத்தில் ஏழெட்டு ஏக்கர் என்ன விலை பெறும் என்று தெருவில் போகிற தரகரைக் கேட்டாலே சொல்லுவாரே.

நீதிமன்றத்திலும் மக்கள் பக்கம் வழக்கு நிற்கவில்லை. 2013 ஜனவரி 18-ஆம் தேதி போலீஸ் பாதுகாப்போடு இயந்திரங்கள் வந்தன. நான்கு நாட்களில் கொட்டகைகள் எல்லாம் தரைமட்டம். ஆயிரத்துக்கும் மேற்பட்ட குடும்பங்கள் தெருவுக்கு வந்தன. அவர்களில் பெரும்பாலோர் தலித்துகள். தமிழ்க் குடும்பங்கள் ஏராளம். தட்டிக்கேட்ட ரூத் மனோரமா உள்ளிட்டோரைக் கைது செய்தார்கள். முதலில் ஒதுக்கீடு பெற்றவர்களுக்கு மட்டுமே வீடு, வாடகைக்கு இருந்தவர்களும் கைமாற்றாக வாங்கியவர்களும் ஆக்கிரமிப்பாளர்கள் என்றார்கள். மதில் ஓரம் நடைபாதையில் மாதக்கணக்கில் குழந்தைகளோடு படுத்திருந்தவர்களை நாம் பார்த்தோம். சர்ஜாபுரா பக்கம் சூளிகுண்டேயில் இடம் தருகிறோம் என்று சொன்னார்கள். கோரமங்களா வீடுகளில் பாத்திரம் தேய்க்கிற பெண் அங்கிருந்து காலை ஆறு மணிக்கு எப்படி வேலைக்கு வருவாள்? இடித்தது நான்கு நாள். கட்டுவதோ ஆண்டுக்கணக்கில் இழுத்தது.

ஒப்பந்தக் கணக்கில் கூட்டல் கழித்தல் சரியாகவே இருந்திருக்கும். பஸ் கட்டணம், போன வேலை, நின்ற படிப்பு, காத்திருந்த ஆண்டுகளின் வாடகை இவற்றுக்கு அந்தக் கணக்கில் ஒரு பத்திகூட ஒதுக்கவில்லை என்பதுதான் நம் புகார். செலவு எங்கும் போய்விடவில்லை. மாநகராட்சியின் ஏட்டிலிருந்து நம் வீட்டுப் பெண்களின் முந்தானை முடிச்சுக்கு அது மாற்றப்பட்டது, அவ்வளவுதான்.

அப்படியானால் கருத்துகளை எதிர்த்து ஏழைகளால் ஒன்றும் செய்ய முடியாதா? முடியும் என்பதற்கு நம் பிள்ளைகளின் சாப்பாட்டுத் தட்டே சாட்சி. 1956-ல் காமராஜர் பள்ளிகளில் மதிய உணவைக் கொண்டுவந்தார். 1982-ல் எம்.ஜி.ஆர். அதைச் சத்துணவுத் திட்டமாக விரிவாக்கியபோது, இது ஓட்டுக்காகச் செய்கிற வீண்செலவு, இந்தப் பணத்தில் தொழில் தொடங்கலாமே என்று எத்தனையோ பேர் ஏளனம் செய்தார்கள். பிள்ளைகள் பள்ளிக்கு வந்தார்கள். அந்தப் பேச்சு அடங்கியது. 1995-ல் மத்திய அரசே ஒரு திட்டம் தொடங்கியது. சமைத்த உணவே தரவேண்டும் என்று 2001 நவம்பரில் உச்ச நீதிமன்றம் உத்தரவிட்டது. இன்று கன்னடப் பள்ளியில் நம் பிள்ளை சாப்பிடும் மதிய உணவும் அந்த வழியில் வந்ததுதான். சோற்றைச் செலவுப் பத்தியிலிருந்து முதலீட்டுப் பத்திக்கு மாற்றியது பொருளாதார நிபுணர்களின் கருணை அல்ல. பிள்ளைகளைப் பள்ளிக்கு அனுப்பிய தாய்மார்களும், வாக்குக்கு அஞ்சிய அரசியலும் செய்த வேலை அது.

ஆகவே தோழர்களே, நாளை இந்தப் பகுதிக்கு எந்தத் திட்டம் வந்தாலும், மேம்பாலமோ, மெட்ரோவோ, புதுக் குடியிருப்போ, மூன்று கேள்விகளை நாம் எழுத்து மூலம் கேட்க வேண்டும். இதில் யாருக்கு எவ்வளவு நிலம், எவ்வளவு பணம்? பெயர்ப் பட்டியலில் வாடகைக்கு இருப்பவர்கள் உண்டா? சொன்ன தேதியில் தராவிட்டால் யார், எவ்வளவு நஷ்டஈடு தருவார்கள்? தகவல் அறியும் உரிமைச் சட்டம் 2005 முதல் நம் கையில் இருக்கிறது. விண்ணப்பத்தைக் கன்னடத்தில் எழுதித் தர நம் வீட்டுப் பிள்ளைகளே இருக்கிறார்கள். ரேஷன் கார்டு, வாக்காளர் அட்டை, வாடகை ரசீது ஆகியவற்றை ஒவ்வொரு குடும்பமும் பத்திரப்படுத்த வேண்டும். 2013-ல் கையில் காகிதம் இல்லாதவர்களைத்தான் முதலில் 'ஆக்கிரமிப்பாளர்' என்றார்கள்.

கேட்கும்போது கன்னடத் தொழிலாளியையும் வடக்கேயிருந்து வந்த தொழிலாளியையும் சேர்த்துக்கொண்டே கேட்க வேண்டும். தமிழன் மட்டும் தனியே போய் நின்றால் நம்மை வந்தேறி என்று சொல்லி அனுப்பிவிடுவார்கள். ஒரே கொட்டகையில் படுக்கிறவர்கள் ஒரே மனுவில் கையெழுத்துப் போட்டால், கணக்கு எழுதுகிறவர்கள் நமக்கும் ஒரு பத்தி ஒதுக்கித்தான் தீரவேண்டும்.