மூட்டை பெருசானா தவிடு திரும்புமா?

பூந்தமல்லி, ஆவடி, அம்பத்தூர்னு எங்க போனாலும் பாட்டு கேக்குறவங்க வாயில இப்போ ‘லாஸ்லெஸ்’தான். இளையராஜாவின் ‘ஹவ் டு நேம் இட்’ (1986) ஆல்பத்தை அப்படிக் கேட்டாத்தான் கேட்டதா கணக்காம். எம்பி3-ல கேக்குறவனுக்குக் காதே இல்லையாம். இதை நான் ஒத்துக்க மாட்டேன்.

சிடியில் ஒலியை நொடிக்கு 44,100 முறை அளந்து 16 பிட்டில் எழுதுகிறார்கள். நொடிக்கு 1,411 கிலோபிட். 128 கிலோபிட் எம்பி3 இதில் பத்தில் ஒரு பங்குகூட இல்லை. காதுக்குப் பிடிபடாதுன்னு கணக்குப் போட்டு மீதியைக் கழிச்சிடும். ஃப்ளாக் எதையும் கழிக்காமல் சுருக்கி மட்டும் வைக்கும். நல்ல விஷயம்தான், மறுக்கலை.

ஆனா எம்பி3-யையே எடுத்து ஃப்ளாக்கா மாத்தினா? பாலிஷ் போட்ட அரிசியைப் பெரிய மூட்டையில கட்டின கதைதான். தவிடு திரும்பி வராது. சிலர் ‘ரீமாஸ்டர்’னு சொல்லி எல்லாச் சத்தத்தையும் ஒரே மட்டத்துக்கு ஏத்திடுறாங்க. வி.எஸ். நரசிம்மனோட வயலின் மெல்லத் தொடங்கி ஏறுற இடம் அதுல செத்துடும். அந்தப் பிணத்தை நஷ்டமில்லாம வச்சிருந்து என்ன பிரயோசனம்?

இதுல ப்ளூடூத் இயர்போன் வேற! 2021-ல லாஸ்லெஸ் கொண்டுவந்தபோது ஆப்பிள் கம்பெனியே சொல்லிடுச்சு, ப்ளூடூத்ல அது முழுசா வராதுன்னு.

பீட்டில்ஸ் ஆல்பங்களைப் பாருங்க. அபே ரோடு ஸ்டூடியோக்காரங்க மூல நாடாக்களை வச்சு நாலு வருஷம் உழைச்சு 2009-ல வெளியிட்டாங்க. அதே வருஷம் 24 பிட் ஃப்ளாக்காவும் வந்தது. எங்கிருந்து எடுத்தது, யார் கை பட்டதுன்னு ஊருக்கே தெரியும். நம்ம பாட்டை ஆப்புல திறந்தா பெரும்பாலும் லாஸ்லெஸ் முத்திரை மட்டும்தான் இருக்கு. எந்த நாடா, எந்த வருஷம் எடுத்தது, யார் எடுத்தது? ஒரு வரி கிடையாது.

சான்று விதை மூட்டையில நீல அட்டை தைச்சிருக்கும். ரகம், குவியல் எண், பரிசோதனை நாள் எல்லாம் அதுல இருக்கும். அட்டை இல்லாத மூட்டையைச் சான்று விதைன்னு எவனும் வாங்க மாட்டான். அறுபது நாள் கழிச்சுக் கலப்பு தெரிஞ்சு பிரயோஜனமில்லை.

பட்டணத்து நண்பர்களே, மாசாமாசம் காசு கட்டுறது நீங்க. பிட் கணக்கை அப்புறம் பாக்கலாம், முதல்ல அட்டையைக் கேளுங்க. நாடா நாளாக நாளாகப் பூச்சு உதிரும் பொருள். அது வீணாப்போச்சுன்னா எந்த ஃப்ளாக்காலயும் மீட்க முடியாது.