வேலியில் ஒரு துளை

அண்டை வீட்டார் கண்ணுக்கும் காதுக்கும் தப்பி வாழ்ந்த குடும்பம் நம் தெருக்களில் உண்டோ? இத்திங்கள் அன்பர்களுக்கு நாம் அறிமுகம் செய்யும் பழைய ஊமைப்படம் இவ்வினாவையே நகைச்சுவையாக எழுப்புகிறது.

1920-ஆம் ஆண்டில் வெளிவந்த அப்படத்தின் பெயர் 'அண்டை அயலார்' என்று பொருள்படும். பஸ்டர் கீட்டன், எட்டி கிளைனுடன் சேர்ந்து இயக்கி, தாமே நாயகனாகவும் நடித்தார். ஓடும் நேரம் ஏறத்தாழ 18 நிமிடமே. இரண்டு மாடிக் குடியிருப்புகளின் கொல்லைகளுக்கு நடுவே ஒரு மரவேலி. இப்பக்கத்து இளைஞனும் அப்பக்கத்து நங்கையும் வேலித் துளை வழியே காதற் கடிதம் பரிமாறிக்கொள்கின்றனர். பெற்றோர்க்கு அது பொறுக்குமா? சன்னல் வழியே புகுந்தவனைப் பெண்ணின் தந்தை பிடித்து, துணி உலர்த்தும் கொடியிலே கட்டி, அவன் வீட்டிற்கே திருப்பியனுப்புகிறார்! நாயகனின் தந்தையாக வருபவர் கீட்டனைப் பெற்ற தந்தையே என்பதை அறிந்து பார்த்தால் சிரிப்பு இரட்டிக்கும்.

வழக்கு மன்றம் ஏறுகிறது. இவர்கள் மணத்தில் குடும்பத்தார் தலையிடலாகாது என்கிறார் நீதிபதி. ஆயினும் மணநாளில், மோதிரம் பத்துக் காசுச் சரக்கு என்று கண்ட பெண்ணின் தந்தை மகளை இழுத்துக்கொண்டு போய்விடுகிறார். பிறகு தோழர் இருவர் துணைகொண்டு இளைஞன் அவளை மீட்கும் வித்தையைச் சொல்லிக் கெடுக்க மனமில்லை.

நம் உச்ச நீதிமன்றமும் 2017 ஆகஸ்டு 24 அன்று, ஒன்பது நீதிபதிகள் ஒருமித்து, அந்தரங்கம் அடிப்படை உரிமை எனத் தீர்ப்பளித்தது. நன்று. எனினும் அது பெரிதும் அரசின் கையைக் கட்டுவது. சுவரில் காது வைப்பாரை என் செய்யும்? கரமனை, வலியசாலை அக்கிரகாரங்களில் வீட்டிற்கும் வீட்டிற்கும் இடையே ஒரே சுவர். உறவினரோ தொலைவில்.

எம் இளமையில், ஒரு காலை எம் வீட்டில் தாளிக்கும் ஓசை எழவில்லை. அடுத்த வீட்டு மாமி உடனே ஓடிவந்தாள். அன்னை கடுஞ்சுரத்தில் நினைவிழந்து கிடந்தாள். வைத்தியரை அழைத்துவந்தவளும் மாமியே. சில திங்கள் கழித்து, தமக்கைக்கு வந்த ஒரு கடிதத்தின் செய்தியைத் தெருமுழுதும் பரப்பியவளும் அவளே. தமக்கை ஒரு வாரம் வாசலுக்கு வரவில்லை. அவ்வேழு நாளும் எம் வாசலில் விடியுமுன் யாரோ கோலமிட்டிருந்தார்கள். மாமியின் கைவரிசையை அன்னை அறிவாள், ஒன்றும் கேட்கவில்லை.