பலகையும் வானொலியும் ஒரே கையில்

விளம்பரப் பலகை கண்ணை உறுத்துகிறது என்று அலுத்துக்கொள்கிறோம். அது யாருடைய கையில் இருக்கிறது என்று நாம் கேட்பது அரிது. அமெரிக்காவின் கிளியர் சேனல் நிறுவனத்தின் வரலாறு நம்மை அப்படிக் கேட்க வைக்கிறது.

ஒருவர் நாடெங்கும் இத்தனை வானொலி நிலையங்களே வைத்திருக்கலாம் என்ற வரம்பை 1996ஆம் ஆண்டுச் சட்டம் நீக்கியது. சில ஆண்டுகளிலேயே ஆயிரத்திற்கும் மேற்பட்ட நிலையங்கள் இந்நிறுவனத்திடம் சேர்ந்தன. 1997இல் எல்லர் மீடியாவை வாங்கிப் பலகைத் தொழிலில் புகுந்தது. 2000இல் இசைநிகழ்ச்சித் தொழிலும் வந்து சேர்ந்தது.

பலகை சாதாரணச் சொத்தன்று. நெடுஞ்சாலைகளின் அழகைக் காக்க 1965இல் பிறந்த சட்டம் புதிய பலகைகளுக்குக் கட்டுப்பாடு விதித்தது. நல்ல சட்டந்தான்; ஆனால் முன்பே நின்றிருந்த பலகைகளுக்கு அதுவே காவலாகவும் அமைந்துவிட்டது. புதியவன் பணத்தோடு வந்தாலும் கம்பம் நட இடம் கிடைப்பது கடினம்.

ஏஎம்எஃப்எம் நிறுவனத்தைக் கிளியர் சேனல் வாங்கியபோது, 99 வானொலி நிலையங்களை விற்கவும், லாமர் என்ற பலகை நிறுவனத்தில் ஏஎம்எஃப்எம்மிற்கு இருந்த பங்குகளைக் கைவிடவும் 2000இல் நீதித்துறை வலியுறுத்தியது. வானொலியை வானொலியோடும், பலகையைப் பலகையோடும் வைத்து எண்ணிப் பார்த்த கணக்கு அது. இரண்டும் ஒரே கையில் இருந்தால் என்னாகும் என்பது அக்கணக்கில் அடங்கவில்லை.

அதைக் கேட்டவர் டென்வர் நகரின் சிறு இசைநிகழ்ச்சி அமைப்பாளர். தம்மிடம் நிகழ்ச்சி நடத்தாத கலைஞரின் பாடல்களைக் கிளியர் சேனல் தன் வானொலியில் புறக்கணிக்கிறது என்று 2001இல் வழக்குத் தொடுத்தார். 2004இல் அது சமரசத்தில் முடிந்தது. சமரசம் தீர்ப்பாகாது, அடுத்து வருபவருக்கு அது வழிகாட்டுவதுமில்லை.

இசைநிகழ்ச்சிப் பிரிவு 2005இல் லைவ் நேஷன் என்ற பெயரிலும், பலகைப் பிரிவு 2019இலும் தனியே பிரிந்தன. லைவ் நேஷன்மீது ஏகபோகக் குற்றம் சாட்டி நீதித்துறையே வழக்குத் தொடுத்தது 2024இல்.