உங்க பாட்டி பேரு சரோஜாவா? காரணம் இந்த டைரக்டரா இருக்கலாம்!

எங்க அபிராமபுரம் அபார்ட்மென்ட்டில் எண்பதைத் தாண்டிய சரோஜா பாட்டிகள் ரெண்டு பேர். 'அதென்ன, அந்தக் காலத்துல இத்தனை சரோஜா?' என்று ஒருநாள் விளையாட்டாகக் கேட்டேன். "எல்லாம் பேபி சரோஜா பண்ணின வேலைடா!" என்று சிரித்தார் ஒரு பாட்டி.

1937-ல் வந்த 'பாலயோகினி' படத்தின் குழந்தை நட்சத்திரம்தான் பேபி சரோஜா. படத்தைப் பார்த்துவிட்டு ஊர் ஊராகப் பெண் குழந்தைகளுக்கு அந்தப் பெயரை வைத்திருக்கிறார்கள். அவரை நடிக்க வைத்தவர், அவருடைய பெரியப்பாவோ சித்தப்பாவோ என்று உறவுக்குள்ளேயே இருந்த இயக்குநர் கே.சுப்ரமண்யம்.

பாபநாசத்தில் 1904-ல் பிறந்தவர். படித்தது சட்டம், பிடித்தது சினிமா. மௌனப் பட காலத்தில் ராஜா சாண்டோவுடன் வேலை பார்த்தார். 1934-ல் இயக்கிய முதல் படம் 'பவளக்கொடி'. எம்.கே.தியாகராஜ பாகவதருக்கும் அதுதான் முதல் படம். ஷூட்டிங் நடந்த இடம் நம்ம ஏரியாவுக்குப் பக்கம்தான். பின்னாளில் சத்யா ஸ்டூடியோவாகி, இப்போது எம்.ஜி.ஆர் ஜானகி கல்லூரி இருக்கும் இடம். அன்று லைட்டெல்லாம் கிடையாது, வெயில்தான் லைட். சாப்பாட்டு வாசனைக்கு வந்து கத்தும் காக்கைகளை விரட்ட, துப்பாக்கியோடு ஓர் ஆளையே வைத்திருந்தார்களாம்!

'பாலயோகினி'யில் ஒரு பிராமண விதவைப் பாத்திரத்துக்கு, நிஜமாகவே விதவையான ஒரு பிராமணப் பெண்ணை நடிக்க வைத்தார் சுப்ரமண்யம். சொந்தச் சமூகத்தினர் அவரைச் சாதியை விட்டே தள்ளி வைத்தார்கள். அவர் அசரவில்லை. அடுத்த வருடமே 'சேவாசதனம்'. எம்.எஸ்.சுப்புலட்சுமியின் முதல் படம். வயதானவருக்குக் கட்டிவைக்கப்பட்ட இளம்பெண்ணின் கதை.

1939-ல் 'தியாக பூமி'. கல்கியின் கதை ஆனந்த விகடனில் தொடராக வந்தபோது, ஓவியங்களுக்குப் பதில் படத்தின் ஸ்டில்கள் இடம்பெற்றன. சம்பு சாஸ்திரியாக நடித்தவர், மார்கழியில் மயிலாப்பூர் மாட வீதிகளில் பஜனை பாடிப்போன பாபநாசம் சிவன். கைவிட்ட கணவன் பிறகு 'சேர்ந்து வாழ வா' என்று கோர்ட்டுக்கு இழுக்க, 'வேண்டுமானால் உங்களுக்கு நான் ஜீவனாம்சம் தருகிறேன்' என்கிறாள் நாயகி. 1939-ல்!

படத்தில் இருந்த சுதந்திரப் போராட்ட வாடை ஆங்கிலேய அரசுக்குப் பிடிக்கவில்லை. 1940-ல் தடை. தடை வரப்போவது தெரிந்ததும் கெயிட்டி தியேட்டரில் இலவசமாகப் படத்தை ஓட்டினார்கள். கூட்டம் அலைமோதியது, போலீஸ் தடியடியும் நடந்தது.

1971-ல் மறைந்தார் சுப்ரமண்யம். நாட்டியக் கலைஞர் பத்மா சுப்ரமணியம் அவருடைய மகள் என்றால் பலருக்குச் சட்டென்று புரியும். கெயிட்டி இன்று இல்லை. 'தியாக பூமி' பிரதி ஒன்று புனே திரைப்பட ஆவணக் காப்பகத்தில் பத்திரமாக இருக்கிறது. அந்தக் காலத்துப் படங்கள் பலவற்றுக்கு அந்த அதிர்ஷ்டம்கூட இல்லை.

மிச்சம் இருப்பது பாட்டிகளின் ஞாபகம்தான். இந்த ஞாயிற்றுக்கிழமை போனைக் கொஞ்சம் கீழே வைத்துவிட்டு, உங்க வீட்டுப் பாட்டியிடம் கேளுங்கள்: "பாட்டி, உனக்கு யார் இந்தப் பேரை வெச்சாங்க?"